நெல்லையிலிருந்து சட்டக் கல்லூரிக்கு: சீட்டு வாங்கும் வழியும், கவுன் போட்ட பிறகு வரும் வருமானமும்

சட்டக் கல்லூரியில் இடம் வாங்குவதைவிட, படித்து முடித்த முதல் ஐந்து வருடத்தைத் தாக்குப்பிடிப்பதுதான் கடினம். பெரும்பாலான வீடுகளில் இந்தக் கணக்கை யாரும் முதலில் போடுவதில்லை. கவுன்சலிங், கட்-ஆப், ஹாஸ்டல் என்று ஓடிவிட்டு, வக்கீல்களைப் பதிவு செய்யும் பார் கவுன்சிலில் பதிவு செய்த மறுமாதம்தான் "இனி சாப்பாட்டுக்கு என்ன செய்ய?" என்ற கேள்வி வருகிறது. ஆகவே எந்த வேலைக்குப் போக வேண்டும், அதற்கு எத்தனை வயதாகும், அதுவரை வீட்டிலிருந்து பணம் வருமா என்று பார்த்துவிட்டுப் பிறகு கல்லூரியைத் தேர்ந்தெடுங்கள்.

ஐந்து வருடமா, மூன்று வருடமா

ப்ளஸ் டூ முடித்ததும் சேர்வது ஐந்து வருடப் படிப்பு. ஏதாவது ஒரு பட்டம் வாங்கிவிட்டுச் சேர்வது மூன்று வருட எல்.எல்.பி. முதல் வழியில் ஐந்து வருடம், இரண்டாவதில் ஆறு. ஒரு வருடம் மிச்சம் என்பதற்காக மட்டும் ஐந்து வருடத்தில் குதிக்க வேண்டாம். இதில் பாதியில் இறங்க வழியில்லை: மூன்றாம் வருடத்தோடு நிறுத்தினால் பி.ஏ. பட்டம் கையில் வராது, வேறு கல்லூரியில் நடுவில் நுழையவும் பார் கவுன்சில் விதி இடம் தராது. வக்கீல் தொழில்தான் என்று மனது உறுதியாக இருந்தால் ஐந்து வருடம் நல்லது. இல்லையென்றால் பாளையங்கோட்டையிலோ பேட்டையிலோ உள்ள கலைக் கல்லூரிகளில் பி.காம். படித்துவிட்டு மூன்று வருடப் படிப்புக்குப் போவது புத்திசாலித்தனம். ஜி.எஸ்.டி., வருமான வரி வேலைக்கு அந்த பி.காம். பிறகு சோறு போடும்.

தபால் வழியில் பட்டம் வாங்கியவர்கள் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. பத்தாம் வகுப்பு, ப்ளஸ் டூ இரண்டையும் முறையாக முடித்துவிட்டு தொலைதூரக் கல்வியில் பட்டம் வாங்கியிருந்தால் பிரச்சினை இல்லை. ப்ளஸ் டூ இல்லாமலே திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் நேரடியாகப் பட்டம் வாங்கியிருந்தால், பார் கவுன்சிலின் 2008-ம் ஆண்டு சட்டக் கல்வி விதிப்படி தகுதி கிடையாது. கல்லூரி தெரியாமல் சேர்த்துக்கொண்டாலும் பதிவு செய்யும்போது பார் கவுன்சிலில் மாட்டும். அப்போது போனது மூன்று வருடமும் பணமும்.

குறைந்தபட்ச மதிப்பெண்ணாக அதே விதிகள் சொல்வது: பொதுப் பிரிவுக்கு 45 சதவீதம், இதர பிற்படுத்தப்பட்டோருக்கு 42, எஸ்.சி., எஸ்.டி. பிரிவினருக்கு 40. இது விண்ணப்பிக்கத்தான். இடம் கிடைக்கும் மதிப்பெண் இதைவிட மேலே இருக்கும்.

அரசுக் கல்லூரி: மதிப்பெண்ணும் சான்றிதழும்

திருநெல்வேலி அரசுச் சட்டக் கல்லூரி 1996-ல் தொடங்கியது. சென்னையில் உள்ள தமிழ்நாடு டாக்டர் அம்பேத்கர் சட்டப் பல்கலைக்கழகத்தின் இணைப்புக் கல்லூரி. மதுரை, தேனி, ராமநாதபுரம் அரசுச் சட்டக் கல்லூரிகளும் அதன் கீழ்தான். எல்லாவற்றுக்கும் ஒரே விண்ணப்பம், ஒரே கவுன்சலிங். நுழைவுத் தேர்வு கிடையாது. ஐந்து வருடத்துக்கு ப்ளஸ் டூ மதிப்பெண், மூன்று வருடத்துக்குப் பட்டப்படிப்பு மதிப்பெண். ப்ளஸ் டூ முடிவை ஒட்டி ஐந்து வருடப் படிப்புக்கான அறிவிப்பு வரும், மூன்று வருடத்துக்கானது அதற்குப் பின்னால். தேதியைப் பக்கத்து வீட்டு அண்ணனிடம் கேட்காமல் பல்கலைக்கழக இணையதளத்தில் நீங்களே பாருங்கள்.

இட ஒதுக்கீடு மொத்தம் 69 சதவீதம்: பி.சி. 26.5, பி.சி. முஸ்லிம் 3.5, எம்.பி.சி.யும் சீர்மரபினரும் சேர்ந்து 20, எஸ்.சி. 18 (அதற்குள் அருந்ததியருக்கு 3), எஸ்.டி. 1. மேலப்பாளையத்து மாணவர்கள் பி.சி. என்று பொதுவாக நிரப்பிவிட்டு, சான்றிதழில் பி.சி. முஸ்லிம் என்று இருப்பதைக் கவனிக்காமல் விடுவதுண்டு. நம் பக்கத்தில் கிறிஸ்தவக் குடும்பங்கள் அதிகம் என்பதால் இன்னொன்று: ஆதிதிராவிடராக இருந்து கிறிஸ்தவரானவர்கள் தமிழ்நாட்டில் பி.சி. பட்டியலில் வருகிறார்கள். அப்பாவின் பழைய எஸ்.சி. சான்றிதழைக் காட்டி மகனுக்கு விண்ணப்பித்தால் சரிபார்ப்பில் இடம் போய்விடும்.

அரசுப் பள்ளி மாணவர்களுக்கான 7.5 சதவீத ஒதுக்கீடு 2021 முதல் சட்டப் படிப்புக்கும் உண்டு. இதில் இடம் கிடைத்தால் கல்விக் கட்டணத்தையும் விடுதிக் கட்டணத்தையும் அரசே ஏற்கிறது. ஆறாம் வகுப்பிலிருந்து ப்ளஸ் டூ வரை அரசுப் பள்ளியில் படித்திருக்க வேண்டும். பாளையங்கோட்டையில்தான் இதில் குழப்பமே. இங்கே பெரிய பள்ளிகள் பலவும் அரசு உதவி பெறும் பள்ளிகள். ஆசிரியருக்குச் சம்பளம் அரசு தருகிறது, புத்தகம் இலவசமாக வருகிறது, ஆனாலும் அது அரசுப் பள்ளி அல்ல, 7.5-க்குள் வராது. மாதம் 1,000 ரூபாய் தரும் புதுமைப் பெண், தமிழ்ப் புதல்வன் திட்டங்கள் வேறு கணக்கு. அவற்றில் உதவி பெறும் பள்ளியில் தமிழ் வழியில் படித்தவர்களுக்கும் இடமுண்டு. இரண்டு பள்ளி மாறியிருந்தால் இரண்டு தலைமையாசிரியரிடமும் சான்று வாங்குங்கள், அதுவும் கோடை விடுமுறைக்கு முன்பே.

மற்றபடி கவுன்சலிங்கில் ஆளைத் திருப்பி அனுப்ப வைப்பது இனிஷியல்தான். பத்தாம் வகுப்புச் சான்றிதழில் ஒரு எழுத்து, ஆதாரில் வேறு, சாதிச் சான்றிதழில் அப்பா பெயர் முழுசாக. விண்ணப்பிக்கும் முன்பே ஆதாரை மதிப்பெண் சான்றிதழுக்கு ஏற்ப மாற்றிவிடுங்கள். மதிப்பெண் சான்றிதழைத் திருத்துவது பல மாத வேலை.

விருப்பக் கல்லூரி வரிசையில் திருநெல்வேலியை முதலில் போடலாமா? வீட்டிலிருந்து போய்வரலாம், செலவு குறைவு, மாவட்ட நீதிமன்றம் பாளையங்கோட்டையிலேயே இருக்கிறது. இங்கேயே தொழில் செய்ய நினைப்பவருக்கு இதைவிட வேறு ஊர் தேவையில்லை. உயர் நீதிமன்றத்தில் நிற்க ஆசைப்படுபவர், அதன் கிளை இருக்கும் மதுரையை முதலில் போடட்டும்.

"வகுப்புக்கு வராமலே பட்டம்" என்று பக்கத்து மாநிலக் கல்லூரிக்கு ஆள் பிடிக்கும் ஏஜென்ட்டுகள் நம் ஊரிலும் உண்டு. விதிப்படி 70 சதவீத வருகை வேண்டும், சான்றிதழ் சரிபார்ப்பும் இப்போது கடுமை. காசு கொடுத்து வம்பு வாங்க வேண்டாம். தனியார் கல்லூரி என்றால் அந்தக் கல்விஆண்டுக்கு இந்திய பார் கவுன்சில் அங்கீகாரம் இருக்கிறதா என்று பாருங்கள். 2025 ஆகஸ்டில் பார் கவுன்சில் புதிய சட்டக் கல்லூரிகளுக்கு மூன்று வருடத் தடை போட்டிருக்கிறது. "இந்த வருஷம்தான் ஆரம்பிக்கிறோம்" என்று யாராவது சொன்னால் காகிதத்தைக் கேளுங்கள்.

கிளாட் எழுதுபவர்கள்

தேசியச் சட்டப் பல்கலைக்கழகங்களில் சேர கிளாட் என்ற நுழைவுத் தேர்வு. திருச்சியில் உள்ள தமிழ்நாடு தேசியச் சட்டப் பல்கலைக்கழகத்துக்கும் அதுதான் வழி. நம் பக்கத்துப் பிள்ளைகள் பலருக்கும் இது நழுவக் காரணம் தேதி. ப்ளஸ் டூ முடிவு மே மாதம் வந்த பிறகு விசாரிக்கிறார்கள். கிளாட் தேர்வோ முந்தின டிசம்பரிலேயே முடிந்திருக்கும். ப்ளஸ் ஒன் படிக்கும்போதே தொடங்க வேண்டிய வேலை இது.

இரண்டு மணி நேரம், 120 கேள்வி, சரிக்கு 1, தவறுக்கு 0.25 கழிவு. எல்லாம் ஆங்கிலத்தில். நடப்பு நிகழ்வும் சட்டத் தர்க்கமும் தலா 28 முதல் 32 கேள்வி, ஆங்கிலமும் தர்க்கமும் தலா 22 முதல் 26, கணக்கு 10 முதல் 14. கணக்கு பத்தாம் வகுப்புத் தரம்தான். சட்டம் முன்கூட்டித் தெரிந்திருக்கத் தேவையில்லை. பத்தியைப் படித்து அதிலுள்ள விதியைப் பொருத்தத் தெரிந்தால் போதும். கிட்டத்தட்ட 450 சொல் பத்தியைப் படித்து அதன் கேள்விகளை ஐந்தாறு நிமிடத்தில் முடிக்கும் வேகம் வேண்டும். தமிழ் வழியில் படித்தவர் திணறுவது இந்த வேகத்தில்தான். ஆங்கிலப் பத்திரிகையின் தலையங்கப் பக்கத்தைத் தினமும் கடிகாரம் வைத்துப் படித்துவந்தால் ஒன்றரை வருடத்தில் இது சரியாகும், மூன்று மாத கோச்சிங்கில் ஆகாது. கட்டணம் வருடத்துக்கு லட்சக்கணக்கில் போகும். கடன் வாங்கிப் படித்துவிட்டு நாங்குநேரி கோர்ட்டில் ஜூனியராக உட்கார்ந்தால் தவணை கட்ட முடியாது. அந்தக் கடன் சென்னை, பெங்களூர் நிறுவன வேலையை நம்பி வாங்கும் கடன்.

படிக்கும்போது செய்ய வேண்டியவை

மூன்று வருடப் படிப்புக்கு 12 வாரம், ஐந்து வருடத்துக்கு 20 வாரம் இன்டர்ன்ஷிப் வேண்டும். ஒரே மூச்சில் நாலு வாரத்துக்கு மேல் செய்ய முடியாது, ஆகவே கடைசி வருடத்துக்குத் தள்ளி வைக்காதீர்கள். கையெழுத்து மட்டும் வாங்கிக்கொண்டு போகும் பழக்கம் பரவலாக இருக்கிறது, நஷ்டம் மாணவருக்குத்தான். முதல் இன்டர்ன்ஷிப்பை வக்கீலிடம் செய்வதைவிட வக்கீல் குமாஸ்தாவின் பக்கத்தில் உட்கார்ந்து செய்வது மேல். மனு ஏன் ரிட்டர்ன் ஆகிறது, கோர்ட் கட்டணம் எப்படிக் கணக்கிடுவது, வக்காலத்தில் எங்கே ஸ்டாம்ப் ஒட்டுவது, இ-ஃபைலிங்கில் பக்க எண் தவறினால் என்ன ஆகும் என்பதையெல்லாம் குமாஸ்தாதான் சொல்வார்.

2024 ஜூலை 1 முதல் இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக 358 பிரிவுகளோடு பாரதிய நியாய சன்ஹிதா, குற்றவியல் நடைமுறைக்கு 531 பிரிவுகளோடு நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, சாட்சியத்துக்கு 170 பிரிவுகளோடு சாக்ஷ்ய அதினியம் நடைமுறையில் உள்ளன. சீனியர் மாணவரின் பழைய புத்தகத்தை மட்டும் வாங்கிப் படித்தால் தேர்வில் தோற்கலாம். ஆனால் அதைத் தூக்கிப் போடவும் வேண்டாம்: அந்தத் தேதிக்கு முன் நடந்த குற்றங்களுக்குப் பழைய தண்டனைச் சட்டம்தான், கோர்ட்டில் அந்த வழக்குக் கட்டுகள் இன்னும் பல வருடம் ஓடும்.

பட்டம் கிடைத்த பிறகு

பதிவு சென்னையில் உள்ள தமிழ்நாடு, புதுச்சேரி பார் கவுன்சிலில். 2024 ஜூலை 30-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த பிறகு, பதிவுக் கட்டணம் பொதுப் பிரிவுக்கு 750 ரூபாய், எஸ்.சி., எஸ்.டி.க்கு 125. முத்திரைத் தீர்வை தனி. உங்கள் பேரில் வழக்கு ஏதும் இருந்தால், கல்லூரிப் போராட்ட வழக்காக இருந்தாலும், விண்ணப்பத்தில் மறைக்காதீர்கள். மறைத்தது தெரிந்தால் வழக்கைவிட மறைத்ததே பெரிய குற்றமாகும். அடுத்தது அகில இந்திய பார் தேர்வு: 100 கேள்வி, பொதுவுக்கு 45, எஸ்.சி., எஸ்.டி.க்கு 40 சதவீதம் வேண்டும். குறிப்பு எழுதாத வெறும் சட்டப் புத்தகம் கொண்டுபோகலாம். புத்தகம் கையில் இருக்கிறதே என்று படிக்காமல் போனால் பக்கம் புரட்டவே நேரம் முடியும்.

வருமானத்துக்கு வருவோம். 2024 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம், ஜூனியர்களுக்குச் சென்னை, மதுரை, கோவையில் மாதம் 20,000 ரூபாயும் மற்ற ஊர்களில் 15,000-மும் தர வேண்டும் என்று சொன்னது. தாலுகா கோர்ட்டுகளில் அதை எதிர்பார்த்துப் போனால் ஏமாற்றம்தான். பல ஆபீஸ்களில் இன்றும் கிடைப்பது பஸ் காசும் அவ்வப்போது ஒரு கவரும். அதனால் சீனியரைத் தேர்ந்தெடுக்கும்போது பணத்தோடு வேறு சிலதும் பாருங்கள். அவர் விசாரணை நடத்துகிறவரா, வாய்தா மட்டும் வாங்குகிறவரா? ஜூனியரைக் குறுக்கு விசாரணைக்கு எழுப்பிவிடுகிறாரா? உரிமையியல், குற்றவியல் இரண்டும் வருகிறதா? ஒரு வாரம் கோர்ட் ஹாலின் பின்வரிசையில் உட்கார்ந்து பார்த்தாலே தெரிந்துவிடும்.

நம் மாவட்டத்தில் சீக்கிரம் காசு பார்க்க வைக்கும் வேலை சொத்து ஆவணம் பார்ப்பது. ராதாபுரம், பணகுடி பக்கம் காற்றாலைக்கு நிலம் கேட்கிறார்கள். ஊரெங்கும் வீட்டுக் கடனுக்கு வங்கி சட்டக் கருத்து கேட்கிறது. 30 வருட வில்லங்கம், தாய்ப்பத்திரம், பட்டா, அ-பதிவேடு, புல வரைபடம், வாரிசுச் சான்று ஆகியவற்றை ஒன்றோடொன்று பொருத்திப் பார்க்கத் தெரிய வேண்டும். பெரும்பாலும் மாட்டுவது, நில ஆவணங்களை அரசு புதுப்பித்த யு.டி.ஆர். காலத்தில் பட்டாவில் பெயரோ பரப்போ மாறிப்போனது, இல்லையென்றால் பங்கு பிரிக்காத சொத்தை ஒரு அண்ணன் மட்டும் விற்றது, அக்கா தங்கை கையெழுத்து இல்லாமல். வில்லங்கத்தில் ஒன்றும் இல்லை என்பதால் சொத்து சுத்தம் என்று எழுதிக் கொடுத்துவிடாதீர்கள். பதிவாகாத உயில் வில்லங்கத்தில் வராது.

நீதிபதி ஆக நினைப்பவர்களுக்கு 2025 மே 20 முதல் கணக்கு மாறிவிட்டது. சிவில் நீதிபதித் தேர்வுக்கு மூன்று வருடத் தொழில் அனுபவம் வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் மறுபடி கட்டாயமாக்கியது. பார் தேர்வுக்கு முன் கிடைக்கும் தற்காலிகப் பதிவு நாளிலிருந்தே அது எண்ணப்படும், ஆகவே பட்டம் வந்ததும் பதிவு செய்யுங்கள். பார் தேர்வு முடிவுக்குக் காத்திருந்தால் மாதங்கள் வீண். ஐந்து வருடப் படிப்பு என்றால் சுமார் 26 வயது, மூன்று வருடம் என்றால் 27. அனுபவச் சான்றுக்கு பத்து வருடமான வக்கீல் கையெழுத்தும் நீதித்துறை அதிகாரியின் மேலொப்பமும் வேண்டும் என்பதால், நீங்கள் ஆஜரான வழக்கு எண்களை டைரியில் முதல் நாளிலிருந்தே குறித்து வாருங்கள். தொடக்க அடிப்படைச் சம்பளம் 77,840 ரூபாய். முதன்மைத் தேர்வில் மொழிபெயர்ப்புத் தாள் ஒன்று உண்டு; சாட்சி வாக்குமூலத்தைத் தமிழிலிருந்து ஆங்கிலத்துக்கும் ஆங்கிலத்திலிருந்து தமிழுக்கும் மாற்றும் பயிற்சி தாலுகா கோர்ட்டில் தினமும் இலவசமாகக் கிடைக்கிறது. ஒன்றாம் வகுப்பு முதல் தமிழ் வழியிலேயே படித்தவர்களுக்கு அரசுப் பணியில் 20 சதவீத முன்னுரிமை உண்டு. சட்டப் படிப்பும் தமிழ் வழி என்று கல்லூரி சான்று தர வேண்டும். தேர்வை மட்டும் தமிழில் எழுதியது போதாது.

உதவி அரசு வழக்கறிஞர் பணிக்கு குற்றவியல் கோர்ட்டில் ஐந்து வருடம் வேண்டும். அதுவரை காத்திருக்க முடியாதவர்கள் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில், வசதியில்லாத குற்றம் சாட்டப்பட்டவர்களுக்காக வாதாடும் உதவிச் சட்ட உதவிப் பாதுகாப்பு வழக்கறிஞர் இடத்தைப் பாருங்கள். புதியவர்களும் விண்ணப்பிக்கலாம், மாதச் சம்பளம் உண்டு, தனி வழக்கு எடுக்க முடியாது. பொதுத்துறை வங்கிகளின் சட்ட அதிகாரி வேலைக்கு 30 வயதுக்குள் எழுத வேண்டும், வக்கீலாகப் பதிவு செய்திருக்கவும் வேண்டும். வேலை கிடைத்ததும் பதிவை நிறுத்திவைக்க பார் கவுன்சிலுக்கு எழுதிவிடுங்கள், முழுநேரச் சம்பள வேலையும் வக்கீல் தொழிலும் ஒன்றாகக் கூடாது.

உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போகிறவர்கள் தினமும் நெல்லையிலிருந்து போய்வரலாம் என்று நினைக்க வேண்டாம். மாட்டுத்தாவணி வரை சுமார் 160 கிலோமீட்டர், அங்கிருந்து ஒத்தக்கடைப் பக்கம் இன்னும் போக வேண்டும். முதல் இரண்டு வருடம் மதுரையிலேயே அறை எடுத்துத் தங்குங்கள், வாடகையை இரண்டு மூன்று பேராகப் பகிரலாம். அதோடு திருநெல்வேலி, தென்காசி, தூத்துக்குடி வக்கீல்களிடம் தொடர்பை விடாதீர்கள்: மேல்முறையீடும் ஜாமீன் மனுவும் அவர்கள் கையிலிருந்துதான் உங்களுக்கு வரும்.