பேச்சைத் தடுக்கும் முன் எடைபோடுவது எப்படி?

மேடையில் ஒருவர் பேசிவிட்டார்; அல்லது ஒரு துண்டறிக்கை, ஒரு கேலிச்சித்திரம், ஒரு நாடகம் வெளியாகிவிட்டது. "உடனே நிறுத்துங்கள்" என்று ஒரு தரப்பு வந்து நிற்கிறது. "கருத்துரிமையில் கை வைக்காதீர்கள்" என்று மறுதரப்பு சொல்கிறது. முடிவெடுக்க வேண்டியவர் இதழாசிரியராகவோ சங்கச் செயலாளராகவோ கல்லூரி முதல்வராகவோ விழா ஏற்பாட்டாளராகவோ இருக்கலாம். அவர் செய்ய வேண்டியவற்றை வரிசைப்படி சொல்கிறோம். வரிசையை மாற்ற வேண்டாம். "யார் மனம் புண்பட்டது?" என்ற கேள்வியில் தொடங்குவதால்தான் பெரும்பாலான முடிவுகள் கோணலாகின்றன.

கொலை மிரட்டல், பணம் பறிக்கும் மிரட்டல், குழந்தைகளைப் பாலியலாகச் சுரண்டும் படங்கள், தாக்குவதற்கு வசதியாக ஒருவரின் வீட்டு முகவரியை வெளியிடுவது ஆகியவற்றை முதலிலேயே தனியாக எடுத்துவையுங்கள். இவற்றை எடைபோட வேண்டியதில்லை. பரப்பாமல், படியெடுக்காமல் காவல்துறையிடம் சொல்ல வேண்டியவை இவை. கீழே சொல்வதெல்லாம் மீதமுள்ள பெரும்பகுதிக்கு.

சொன்ன சொல் கையில் இருக்க வேண்டும்

"எங்களை இழிவாகப் பேசினார்" என்பது புகார்தான். அதுவே சான்று ஆகாது. பேசியதை வார்த்தை பிசகாமல் எழுதி வாங்குங்கள். ஒலிப்பதிவு இருந்தால் சர்ச்சைக்குரிய இடத்துக்கு முன்னும் பின்னும் குறைந்தது இரண்டிரண்டு நிமிடம் சேர்த்து எழுதுங்கள். "இப்படிச் சொல்கிறவர்களும் இருக்கிறார்கள்" என்ற முன்வாக்கியம் வெட்டப்பட்டால், எதிர்த்துப் பேசியவரே ஆதரித்துப் பேசியவர் ஆகிவிடுவார். வேற்றுமொழிப் பேச்சென்றால் இருவர் தனித்தனியே மொழிபெயர்க்கட்டும்; இரண்டும் வேறுபடும் இடத்தில்தான் பெரும்பாலும் சண்டையின் வேர் இருக்கும். நாள், இடம், கேட்டவர்கள் யார், ஏறத்தாழ எத்தனை பேர் என்பதையும் அதே தாளில் குறித்துக்கொள்ளுங்கள்.

வாக்கியங்களைப் பிரித்தல்

அந்தத் தாளில் ஒவ்வொரு வாக்கியத்தின் ஓரத்திலும் நான்கில் ஒரு குறி இடுங்கள்: தகவல், மதிப்பீடு, ஏவல், மேற்கோள். இருவர் தனித்தனியே குறித்து ஒப்பிட்டால் நல்லது.

"அவர் நிதியில் கையாடல் செய்தார்" என்பது தகவல். மெய்யா பொய்யா என்று சோதிக்கலாம், பொய்யென்றால் அவதூறாகலாம். "அவர் கொள்கையற்ற சந்தர்ப்பவாதி" என்பது மதிப்பீடு. இதற்குச் சான்று கேட்பது பொருளற்றது. ஆஸ்திரியப் பிரதமர் புருனோ கிரைஸ்கியைச் சாடி எழுதிய லிங்கென்ஸ் என்ற பத்திரிகையாளர் தண்டிக்கப்பட்டபோது, ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் 1986இல் இந்தப் பிரிவினையைத்தான் வலியுறுத்தியது: தகவலை மெய்ப்பிக்கலாம், மதிப்பீட்டை மெய்ப்பிக்க முடியாது, மெய்ப்பிக்கச் சொல்வதே கருத்துரிமையை மீறுவதாகும். அரசியல்வாதி தனியாளைவிட அதிக விமர்சனத்தைத் தாங்க வேண்டும் என்றும் சொன்னது.

தகவலிலும் சிறு பிழையையும் பெரும் பொய்யையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள். அமெரிக்காவில் 1960இல் வெளிவந்த ஒரு விளம்பரம், மார்ட்டின் லூதர் கிங் ஏழு முறை கைதானதாகச் சொன்னது. உண்மையில் நான்கு முறை. இதுபோன்ற சில பிழைகளைக் காட்டி, அதை வெளியிட்ட நாளிதழுக்கு எதிராக அலபாமா அதிகாரி ஒருவர் 5,00,000 டாலர் இழப்பீட்டுத் தீர்ப்பு பெற்றார். 1964இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. பொதுப் பதவியில் இருப்பவர் இழப்பீடு பெற வேண்டுமானால், பொய்யெனத் தெரிந்தே, அல்லது மெய்யா பொய்யா என்று பொருட்படுத்தாமலே வெளியிட்டார்கள் என்று அவர் காட்ட வேண்டும் என்றது. எல்லா நாடுகளும் இவ்வளவு தூரம் போவதில்லை. ஆனாலும் சிறு பிழைக்காக ஒரு பேச்சையே புதைப்பது எங்கும் தவறுதான். திருத்தம் வெளியிடுவதே போதும்.

மேற்கோளில்தான் அவசரக்காரர்கள் விழுகிறார்கள். இனவெறி பேசிய இளைஞர்களைப் பேட்டி கண்டு ஒளிபரப்பிய டென்மார்க் செய்தியாளர் யெர்சில்டுக்கு அந்நாட்டு நீதிமன்றங்கள் தண்டனை கொடுத்தன. 1994இல் ஐரோப்பிய நீதிமன்றம் அது தவறென்றது. அந்த இளைஞர்களின் சொற்களுக்குப் பாதுகாப்பில்லை. அவற்றை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தவருக்கு உண்டு. எனவே பேசியவர் வேறு, எடுத்துக்காட்டியவர் வேறு என்று உங்கள் தாளில் இரண்டு பெயராக எழுதுங்கள்.

புண்பட்டது யார், எதனால்?

இப்போது இந்தக் கேள்வியைக் கேட்கலாம். குடிமை, அரசியல் உரிமைகளுக்கான பன்னாட்டு உடன்படிக்கை (1966) தன் 19ஆம் பிரிவில் கருத்துரிமையைத் தந்து, அதைக் கட்டுப்படுத்த ஏற்கத்தக்க காரணங்களையும் எண்ணிச் சொல்கிறது: பிறரின் உரிமைகள், நற்பெயர், நாட்டின் பாதுகாப்பு, பொது ஒழுங்கு, பொது சுகாதாரம், பொது ஒழுக்கம். அத்துடன், கட்டுப்பாடு சட்டத்தில் எழுதப்பட்டிருக்க வேண்டும், தேவையானதாகவும் இருக்க வேண்டும் என்கிறது. தலைவரின் கௌரவம், நிறுவனத்தின் பெருமை, ஒரு கோட்பாட்டின் புனிதம் ஆகியவை இப்பட்டியலில் இல்லை. ஒழுக்கத்தைக் காரணம் காட்டினாலும், அது ஒரே ஒரு மரபிலிருந்து மட்டும் எடுத்ததாக இருக்கக் கூடாது என்று ஐநா மனித உரிமைக் குழு விளக்கியிருக்கிறது.

நடைமுறையில் ஒரே ஒரு கேள்வி போதும்: அடி விழுந்தது மனிதர்மேலா, கருத்தின்மேலா? ஒரு மதத்தின் நம்பிக்கையைக் கடுமையாக மறுப்பது கருத்தின்மேல் விழும் அடி. அம்மதத்தார் எல்லாரும் குற்றவாளிகள், அவர்களுக்கு வீடு கொடுக்காதீர்கள் என்பது மனிதர்மேல் விழும் அடி. முன்னதில் வலி உண்டு என்பதை நாங்கள் மறுக்கவில்லை. அந்த வலியைக் கேட்க ஆளும் மறுமொழி சொல்ல மேடையும் வேண்டும். ஆனால் வலி மட்டுமே தடைக்குக் காரணமாகிவிட்டால், அதிகம் கோபப்படுகிறவர் கையில் எல்லாருடைய வாயும் போய்விடும். புண்படுத்துகிற, அதிர்ச்சியூட்டுகிற, கலங்கடிக்கிற கருத்துகளுக்கும் பாதுகாப்பு உண்டு என்று 1976இல் ஹேண்டிசைட் என்ற பிரிட்டிஷ் பதிப்பாளரின் வழக்கில் ஐரோப்பிய நீதிமன்றம் சொன்னது. அதே வழக்கில் அந்தப் பதிப்பாளர் தோற்றார் என்பதையும் சேர்த்தே நினைவில் வையுங்கள். அவர் வெளியிட்ட நூல் பள்ளிப் பிள்ளைகளுக்கானது. வாசகரின் வயது தராசைச் சாய்த்தது.

தூண்டுதலை அளக்கும் ஆறு கேள்விகள்

"ஏவல்" என்று குறித்த வாக்கியங்களுக்கு இப்போது வாருங்கள். வெறுப்பைப் பரப்பிப் பாகுபாட்டுக்கோ பகைமைக்கோ வன்முறைக்கோ தூண்டுவதைச் சட்டத்தால் தடுக்க வேண்டும் என்று அதே உடன்படிக்கையின் 20ஆம் பிரிவு கட்டாயப்படுத்துகிறது. எது தூண்டுதல் என்று அளக்க 2012இல் மொராக்கோவின் ரபாத் நகரில் வல்லுநர்கள் வகுத்த செயல்திட்டம் ஆறு அளவுகோல்களைத் தருகிறது: சூழல், பேசுபவரின் செல்வாக்கு, நோக்கம், பேச்சின் உள்ளடக்கமும் வடிவமும், எவ்வளவு பேரை எட்டியது, தீங்கு நேரும் வாய்ப்பு. ஆறுக்கும் ஒவ்வொரு வரியாவது எழுத்தில் பதில் இருக்க வேண்டும். குற்றம் என்று சொல்ல ஆறும் கூடி வர வேண்டும்.

சூழல் எவ்வளவு கனமானது என்பதற்கு ருவாண்டாவைவிட வலிய சான்று இல்லை. அங்கே ஒரு தனியார் வானொலி 1993இலிருந்து சிறுபான்மை இனத்தாரான துட்சி மக்களைக் கரப்பான்பூச்சிகள் என்று சொல்லி வந்தது. 1994 ஏப்ரல் 6இல் குடியரசுத் தலைவரின் விமானம் சுட்டு வீழ்த்தப்பட்டுப் படுகொலை தொடங்கியது. ருவாண்டாவுக்கான பன்னாட்டுத் தீர்ப்பாயத்தின் மேல்முறையீட்டு அமர்வு 2007இல் அந்த வானொலியின் ஒலிபரப்புகளை இரண்டாகப் பிரித்தது: அந்த நாளுக்குப் பின் வந்தவை இனப்படுகொலைக்கு நேரடித் தூண்டுதல்; முன் வந்தவை, எவ்வளவு கொடிய வெறுப்பாக இருந்தாலும், நேரடித் தூண்டுதல் என்று மெய்ப்பிக்கப்படவில்லை. இத்தீர்ப்பு பலருக்கு உறுத்தும், எங்களுக்கும் உறுத்துகிறது. ஆனால் அளவுகோல் எவ்வளவு நுணுக்கமானது என்பதை இது காட்டுகிறது. மனிதரைப் பூச்சி என்று அழைக்கும் பேச்சை, குற்றமாகும் வரை காத்திராமல் மறுத்துப் பேச வேண்டும் என்பதையும் காட்டுகிறது.

"நிறைந்த அரங்கில் தீ என்று கத்தலாமா?" என்ற வாதத்தை யாராவது கொண்டுவந்தால் எச்சரிக்கையாக இருங்கள். 1919இல் அமெரிக்க உச்ச நீதிமன்ற நீதிபதி ஹோம்ஸ் சொன்னது, *பொய்யாக*த் தீ என்று கத்திப் பீதியைக் கிளப்புவதைப் பற்றி. அந்த உவமையின் துணையோடு தண்டிக்கப்பட்டவர்கள், கட்டாய ராணுவச் சேவையை எதிர்த்துத் துண்டறிக்கை அனுப்பியவர்கள். பின்னர் 1969இல் அதே நீதிமன்றம், உடனடிச் சட்டமீறலைத் தூண்டும் நோக்கமும் அது நிகழும் வாய்ப்பும் இருந்தாலொழிய தண்டிக்க முடியாது என்று கோட்டை மிகவும் தள்ளி வரைந்தது.

கல் யார் கையில்?

கலவரம் வரும் என்கிறார்களா? யார் செய்வார்கள் என்று கேளுங்கள். பேச்சாளர் ஏவி அவருடைய கூட்டம் அடிக்கப் போகிறது என்றால் அது தூண்டுதல். பேச்சு பிடிக்காதவர்கள் பேச்சாளரை அடிக்கப் போகிறார்கள் என்றால், தடுக்க வேண்டியது அவர்களைத்தான். இடஒதுக்கீட்டை விமர்சித்த தமிழ்த் திரைப்படம் ஒன்றின் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் 1989இல் இதைத் தெளிவாகச் சொன்னது: ஊர்வல மிரட்டலுக்கும் வன்முறை மிரட்டலுக்கும் பயந்து கருத்துரிமையை நசுக்க முடியாது, ஆபத்துக்கும் பேச்சுக்கும் உள்ள தொடர்பு வெடிமருந்துப் பீப்பாயில் விழும் பொறிபோல நெருக்கமாக இருக்க வேண்டும். பாதுகாப்புக் கேட்டுக் காவல்துறைக்கு எழுதுவது உங்கள் முதல் வேலை. நிகழ்ச்சியை நீக்குவது கடைசி வேலை.

மென்மையான கருவி முதலில்

கருவிகளைக் கீழிருந்து மேலாக அடுக்கி, ஒவ்வொன்றும் ஏன் போதாது என்று எழுதிய பிறகே அடுத்த படிக்கு ஏறுங்கள். மறுப்புரைக்கு அதே அளவு இடமும் நேரமும் கொடுப்பது முதல் படி. பிறகு திருத்தம், பிறகு வயது எச்சரிக்கை, நேரம் அல்லது இடம் மாற்றுதல், பிறகு குறிப்பிட்ட வாக்கியத்தை மட்டும் நீக்குதல். முழுத் தடை இவை எல்லாவற்றுக்கும் மேலே. அவதூறுக்குச் சிறை ஒருபோதும் பொருத்தமான தண்டனை அல்ல என்று ஐநா மனித உரிமைக் குழு 2011இல் வெளியிட்ட 34ஆம் பொதுக் கருத்துரையில் சொல்லியிருக்கிறது. பல நாடுகளின் சட்டம் இன்னும் அங்கே வந்து சேரவில்லை. ஆகவே மேல் படிகளுக்குப் போகும் முன் உங்கள் நாட்டுச் சட்டம் தெரிந்த வழக்குரைஞரைக் கேட்காமல் நகராதீர்கள்.

முடிவுக்கு முன் ஒரு சோதனை. தாளில் உள்ள பெயர்களை மாற்றிப் போடுங்கள்: உங்களுக்குப் பிடித்த தரப்பு பேசியதாக, பிடிக்காத தரப்பு புண்பட்டதாக. அதே விதியை அப்போதும் நீட்டுவீர்களா? இந்தச் சோதனை விதிக்கு மட்டுமே பொருந்தும், ஆபத்துக்குப் பொருந்தாது. ஒரே வசை பெருங்கூட்டத்தின்மேல் விழும்போதும், ஏற்கெனவே துரத்தப்படும் சிறுகூட்டத்தின்மேல் விழும்போதும் விளைவு ஒன்றல்ல. அந்த வேறுபாட்டை, தீங்கு நேரும் வாய்ப்பு என்ற ஆறாவது அளவுகோலில் கணக்கிடுங்கள்.

ஆணையை எழுதும் விதம்

ஒரு பக்கம் போதும். எந்த வாக்கியம், எந்த விதி, எந்தத் தீங்கு, எந்த மென்மையான வழி ஏன் போதவில்லை, கட்டுப்பாடு எந்த நாள் வரை, யாரிடம் மேல்முறையீடு செய்யலாம் என்ற ஆறும் அதில் இருக்க வேண்டும். விதி மொழியில் "ஆட்சேபகரமான", "எரிச்சலூட்டும்" போன்ற சொற்கள் இருந்தால் விதியையே திருத்துங்கள். இந்தியத் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66அ பிரிவு இத்தகைய அளவற்ற சொற்களால்தான் 2015இல் உச்ச நீதிமன்றத்தில் விழுந்தது. பேசியவருக்கு ஆணையின் படியைக் கொடுங்கள். புகார் தந்தவருக்கும் கொடுங்கள். மேல்முறையீட்டைக் கேட்பவர், முதல் முடிவை எடுத்தவராக இருக்கக் கூடாது. காலவரம்பு முடியும் நாளை நாட்குறிப்பில் இன்றே எழுதிவையுங்கள். மறந்துபோன தற்காலிகத் தடைகள்தான் நிரந்தரத் தடைகளாகின்றன.