எவரெஸ்ட் முகாம்களில் குப்பை இறக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

எவரெஸ்ட் பயணத்தில் எல்லாக் கணக்கும் ஏறுவதற்குத்தான். மேலே சேரும் குப்பையை யார், எத்தனை நடையில் இறக்குவது என்ற பேச்சே கடைசி வாரத்தில்தான் எழும். இருப்பதிலேயே பெரிய தவறு இது. மே மாதக் கடைசியில் சீசன் முடியும்போது அடிவார முகாமுக்கு மேலே இருக்கும் கும்பு ஐஸ்பால் என்ற வெடிப்புகள் நிறைந்த பனிச்சரிவுப் பாதையில் பனிப்பாளங்கள் இளகியிருக்கும், வெடிப்புகளைக் கடக்கப் போட்ட ஏணிகள் ஆட்டம் காணும். குப்பைக்காக ஷெர்பாக்களை அந்த நேரத்தில் இன்னொரு நடை அனுப்புவது உயிரோடு விளையாடுவது. 2014 ஏப்ரல் 18 அன்று அதே பாதையில் விழுந்த பனிச்சரிவில் 16 நேபாளத் தொழிலாளர்கள் இறந்தார்கள். சாமான் ஏற்றிவிட்டு வெறும் முதுகோடு இறங்கும் நடையிலேயே கொஞ்சம் கொஞ்சமாகக் கொண்டுவந்துவிட்டால் தனி நடையே தேவைப்படாது.

அப்புறம், அந்த 8 கிலோ விஷயம். ஏறுபவர் ஒவ்வொருவரும் 8 கிலோ குப்பையைத் திருப்பிக் கொண்டுவர வேண்டும், இல்லாவிட்டால் 4,000 டாலர் வைப்புத்தொகை போய்விடும் என்று 2014இல் நேபாளம் விதி கொண்டுவந்தது. பல குழுக்கள் அடிவார முகாமைச் சுற்றிக் கிடைத்ததையே பொறுக்கி எடையைக் காட்டிவிட்டன. எடை சரி, ஆனால் 7,900 மீட்டரில் இருக்கும் கடைசி முகாமான சவுத் கோலின் குப்பை அங்கேயேதான் கிடந்தது. எந்த முகாமுக்கு என்னென்ன போனது என்று எழுதிவைத்து, அதை வைத்துத்தான் திரும்பி வந்ததைச் சரிபார்க்க வேண்டும்.

கூடாரத்தை 'அடுத்த வருஷம் பார்த்துக்கொள்ளலாம்' என்று விடுவதும் வழக்கம். துணி கிழிந்து, பனி மூடி, உருகி மறுபடி உறைந்து, கம்பியும் கயிறும் கேஸ் குப்பியும் ஒரே கட்டியாகிவிடும். உச்சிக்கு அருகே உறைந்துகிடந்த ஒரு குப்பைக் குவியலைத் தோண்டி எடுக்க 2024இல் ஷெர்பாக்களுக்கு இரண்டு நாள் ஆனது. நிறுவனத்தின் பெயர் இருக்கும் துண்டை மட்டும் வெட்டிக்கொண்டு கூடாரத்தை விட்டுவந்த குழுக்களும் உண்டு. அதற்குக் கத்தி எடுக்க மட்டும் மேலே தெம்பு இருந்திருக்கிறது!

மனிதக் கழிவைப் பனியில் புதைத்தால் மக்கிவிடும் என்று நினைக்காதீர்கள். அந்தக் குளிரில் அது அப்படியே கிடக்கும். 2024 முதல் உள்ளூராட்சி கழிவுப் பைகளைக் கட்டாயமாக்கியிருக்கிறது. நிரம்பிய பையைச் சுமைக்காரர் தலையில் கட்டாமல் அவரவரே இறக்குவதுதான் முறை. மூடியைச் சரியாக இறுக்காத பை, கீழே வெயிலில் இளகியதும் முதுகுப்பை முழுக்க ஒழுகும்.