பின்வரிசை நடிகரைப் பார்த்து நடிப்புப் பழகுவது எப்படி

சினிமாவில் சின்ன வேஷமாவது கிடைக்குமா என்று பழைய வண்ணாரப்பேட்டையில் எங்கள் மொட்டைமாடிப் பயிற்சிக்கு வரும் பசங்களுக்கு நான் முதலில் வசனம் தருவதில்லை. ஒரு குணச்சித்திர நடிகரைப் பிடித்து, அவர் படங்களை வருஷ வரிசையில் பார்க்கச் சொல்வேன். தமிழ் நடிகர் வேண்டாம். பழகிய முகம் என்றால் ரசிக்கத்தான் தோன்றும், கவனிக்கத் தோன்றாது. நான் எடுத்துக்கொடுப்பது கிரேக்க நடிகர் டீட்டோஸ் வாண்டிஸ் (1917–2003).

முதலில் 1960-இல் வந்த 'நெவர் ஆன் சண்டே'. ஏதென்ஸை ஒட்டிய பிரேயஸ் துறைமுகத்தில் நடக்கிற கதை என்பதால் காசிமேட்டுப் பசங்களுக்கு இடம் சட்டென்று பிடிபட்டுவிடும். படம் என்னவோ மெலினா மெர்கூரியுடையதுதான். கான் விழாவில் சிறந்த நடிகை விருதே வாங்கினார். ஒரு தரம் அவருக்காகப் பார்த்து முடித்துவிடுங்கள். அப்புறம் சத்தத்தை நிறுத்திவிட்டு வாண்டிஸை மட்டும் பாருங்கள், முக்கியமாகக் கூட்டமாக நிற்கும் காட்சிகளில். அடுத்தவர் பேசும்போது இவர் யாரைப் பார்க்கிறார், கை எங்கே இருக்கிறது, எப்போது நகர்கிறார் என்று நோட்டில் எழுதுங்கள். நம் ஆட்களைப் பின்னால் நிற்கச் சொன்னால் பாதிப் பேர் கேமராவை அல்லவா பார்க்கிறார்கள்!

1964-இன் 'டாப்கபி'யை வேகமாகத் தாண்டலாம். அதே இயக்குநர் ஜூல்ஸ் டாஸின், அதே மெர்கூரி. ஒருமுறை நம்பியவர் மறுபடி கூப்பிடுவார் என்று புரிந்தால் சரி. முதல் படத்தின் கதை 1967-இல் 'இல்யா டார்லிங்' என்று நியூயார்க்கின் பிராட்வே நாடக அரங்கில் மேடையேறியபோதும் வாண்டிஸ் இருந்தார்.

நேரம் செலவழிக்க வேண்டியது 1973-இன் 'எக்ஸார்சிஸ்ட்'டில். பயப்படாதீர்கள், நமக்கு வேண்டிய காட்சியில் பேய் கிடையாது. பாதிரியார் கராஸின் மாமாவாக வருகிறார். அம்மாவை மனநோய் பிரிவில் சேர்த்தாகிவிட்டது. மருத்துவமனையில் நடந்துகொண்டே, நீ பாதிரியார் ஆகாமல் டாக்டராகச் சம்பாதித்திருந்தால் அவள் நன்றாக இருந்திருப்பாளே என்கிற மாதிரி சொல்லிவிடுகிறார். அக்கறையும் குத்தலும் ஒரே மூச்சில். ஸ்டான்லி ஆஸ்பத்திரி வாசலில் இப்படி ஒரு மாமாவைப் பார்க்காதவர் நம் பக்கத்தில் யார் இருக்கிறார்?

அந்தக் காட்சியை உங்கள் வீட்டு மாமா பேசுகிற பேச்சில் நீங்களே எழுதுங்கள். நாலைந்து வரி போதும். கூட ஒருவரை நடக்கவிட்டு, மாடிப்படி இறங்கியபடியே பேசி, போனில் எடுத்துப் பாருங்கள். குரல் உயர்ந்திருந்தால் மறுபடி எடுங்கள். கூட நடக்கிறவர் முகம் மாறவில்லை என்றாலும் மறுபடிதான்.