மாயவியல் ஆய்விதழ் எழுதப்போகிறீர்களா? தவிர்க்க வேண்டிய சில தவறுகள்

மிகுபுனைவு (ஃபேன்டஸி) எழுதத் தொடங்குகிற பலருக்கும் இந்த ஆசை வரும். கதையில் ஒரு பேரரசு, அதில் ஒரு கல்விக்கழகம், அது வெளியிடும் மாயவியல் ஆய்விதழ். அத்தியாயத்துக்கு ஒரு பகுதியாக அந்த இதழிலிருந்து எடுத்துப் போடலாம். நல்ல உத்திதான். ஆனால் என்னிடம் படிக்கத் தரப்படும் பிரதிகளில், ஒரு காலத்தில் நானும் செய்த அதே கோளாறுகள் திரும்பத் திரும்ப வருகின்றன. மன்னர் பெயர் இடத்துக்கு இடம் மாறுவது, அளவைகள் குழம்புவது போன்றவற்றை விட்டுவிடுகிறேன். மறுவாசிப்பில் அவை தானாகவே சிக்கிவிடும்.

ஆய்விதழுக்கு எல்லாம் தெரிந்திருப்பது

இதைப் பார்த்தால் எனக்கு இன்றும் எரிச்சல்தான்.

சமீபத்தில் படித்த ஒரு பிரதியில், மூன்றாம் அத்தியாயத்தில் தீ மந்திரம் பற்றி ஓர் ஆய்வுக் கட்டுரை. மந்திரத் தீயின் வெப்பம் சும்மா பிறப்பதில்லை, அருகிலிருக்கும் நீர்நிலையிலிருந்து உறிஞ்சப்படுகிறது என்று விதிகளோடும் அட்டவணையோடும் விளக்கியிருந்தார்கள். சொன்னதெல்லாம் சரி, தொல்லையே அதுதான். கதை பாதிக்கு மேல் போன பிறகு, கோடைக்காலத்தில் ஏரி உறைந்து மீன்கள் செத்துக் கிடக்கின்றன. அதைப் பார்த்த நாயகி மெல்ல மெல்லக் காரணத்தைக் கண்டுபிடிக்கிறாள். அவள் திகைக்கும் இடத்தில் வாசகர் கொட்டாவி விடுகிறார். கேட்டால், "இதழில் சொன்னால்தானே வாசகருக்குப் புரியும்?" என்றார் எழுதியவர். புரிந்துவிட்டதே, அப்புறம் மிச்சப் பக்கங்களை ஏன் படிக்க வேண்டும்?

உங்கள் குறிப்பேட்டில் இருப்பது அந்த இதழில் எழுதும் அறிஞர்களுக்குத் தெரியாது. தங்கள் காலத்துக்கு எட்டியதைத்தான் எழுதுவார்கள். அதில் பாதி தப்பாக இருக்கும், தப்பையும் முழு நம்பிக்கையோடு அச்சேற்றுவார்கள். நம் உலகில் 1903இல் பிரெஞ்சு இயற்பியலாளர் புளோண்ட்லோ, என்-கதிர்கள் என்ற புதுவகைக் கதிர்களைக் கண்டதாக அறிவித்தார். தாங்களும் பார்த்ததாக வேறு பலர் கட்டுரை எழுதினார்கள். 1904இல் அமெரிக்க இயற்பியலாளர் ராபர்ட் வுட் அவருடைய ஆய்வகத்துக்குப் போய், இருட்டில் யாருக்கும் தெரியாமல், கதிர்களைப் பிரித்துக் காட்டக் கருவியில் வைத்திருந்த பட்டகத்தை எடுத்துவிட்டார். அளவீடுகள் பழையபடியே வந்துகொண்டிருந்தன! அப்படி ஒரு கதிரே கிடையாது. புளோண்ட்லோ பித்தலாட்டக்காரர் அல்ல, மதிப்புப் பெற்ற அறிஞர். உங்கள் இதழில் இப்படி ஒருவராவது இருக்க வேண்டும்.

அந்தத் தீக் கட்டுரையையே எடுத்துக்கொள்வோம். தலைநகரப் பேராசிரியர் ஒருவர், வெப்பம் மந்திரம் சொல்பவரின் உடலிலிருந்து வருகிறது என்கிறார். சான்று: பட்டினி கிடந்தவர்கள் மூட்டிய தீ சிறியதாக இருந்தது. அடுத்த இதழில் பாலைவன மாகாணத்திலிருந்து ஒரு மறுப்பு: இங்கே வயிறு நிறைய உண்டவர்களுக்கும் தீ பற்றவில்லை. அதன் கீழே பதிப்பாசிரியரின் ஒரு வரி: "மேற்படி மாகாணத்தில் பயிற்சியின் தரம் குறித்து விசாரிக்கப்படும்." தண்ணீர் என்ற சொல்லே எங்கும் வரவில்லை. ஆனால் கூர்ந்து படிக்கும் வாசகருக்கு ஒரு சந்தேகம் விழுந்திருக்கும். தலைநகரத்தின் திமிரும் கூடவே தெரிந்திருக்கும்.

இன்னொரு நஷ்டமும் உண்டு. இதழில் உண்மையைச் சொல்லிவிட்டால் இரண்டாம் பாகத்தில் அதை மாற்ற முடியாது, வாசகர் விடமாட்டார். பேராசிரியர் சொன்னதாக இருந்தால் அவரைத் தாராளமாகத் தோற்கடிக்கலாம்.

மதிப்பீட்டுக் குழுவைத் திணிப்பது

இறகுப் பேனாவும் குதிரைத் தபாலும் உள்ள உலகில், ஒரு கட்டுரையை அச்சேற்றலாமா என்று மூன்று மதிப்பீட்டாளர்கள் பெயர் மறைத்துக் கருத்து அனுப்புகிறார்கள். இந்த வழக்கம் நம் உலகிலேயே மெதுவாகத்தான் பரவியது. புகழ்பெற்ற அறிவியல் இதழான நேச்சர்கூட வெளி மதிப்பீட்டைக் கட்டாயமாக்கியது 1973இல்தான். லண்டனின் அறிவியல் கழகமான ராயல் சொசைட்டியின் செயலர் ஹென்றி ஓல்டன்பர்க் 1665இல் 'பிலசாபிக்கல் டிரான்சாக்ஷன்ஸ்' இதழைத் தொடங்கியபோது, பெரும்பாலும் தமக்கு வந்த கடிதங்களைக் கொண்டே அதை நிரப்பினார். முதல் இதழில் வியாழன் கோளில் தெரிந்த ஒரு புள்ளி, விகாரமாகப் பிறந்த கன்றுக்குட்டி, பெர்முடா பக்கத்துத் திமிங்கில வேட்டை எல்லாம் அடுத்தடுத்து வருகின்றன. இந்தக் கலவைதான் உங்களுக்கும் வேண்டும்.

பேரரசை மறந்துவிடுவது

அறிஞர்கள் எல்லை தாண்டிக் கடிதம் எழுதுவார்கள். ஒற்றர்கள் அதைப் பிரித்துப் படிப்பார்கள். ஓல்டன்பர்க்கே, வெளிநாட்டுக் கடிதப் போக்குவரத்தால் சந்தேகத்துக்கு ஆளாகி 1667இல் லண்டன் கோபுரத்தில் சிறை வைக்கப்பட்டார். அப்போது டச்சுக்காரர்களோடு போர். உங்கள் பேரரசும் யாரோடாவது போரில் இருக்குமே? அப்படியானால் சில கட்டுரைகள் வெளிவராமலே போயிருக்கும். சிலவற்றில் பாதிப் பத்தி காணாமல் போயிருக்கும். படைக்குப் பயன்படும் மந்திரத்தை எந்த அரசும் அச்சிட விடாது.

எல்லாரும் ஒரே குரலில் எழுதுவது

கட்டுரையாளர்களின் பெயர்களை மறைத்துவிட்டுப் படியுங்கள். யார் எழுதியது என்று தெரியவில்லையா? திரும்ப எழுதுங்கள்.

செலவு யாருடையது என்று யோசிக்காதது

ராயல் சொசைட்டி 1686இல் மீன்களைப் பற்றிய ஒரு பெரிய நூலை வெளியிட்டுக் கையைச் சுட்டுக்கொண்டது. அதனால் நியூட்டனின் இயக்க விதிகளைச் சொல்லும் 'பிரின்சிபியா' நூலை அச்சிடக் காசில்லை. வானியலாளர் எட்மண்ட் ஹாலி தன் பணத்தைப் போட்டு 1687இல் அதைக் கொண்டுவந்தார். சொசைட்டியோ அவருக்குச் சேரவேண்டிய சம்பளத்துக்கு விற்காத மீன் புத்தகங்களைக் கொடுத்தது. மாயவியல் இதழுக்கும் ஒரு புரவலர் இருப்பார். அவருடைய மருமகன் எழுதிய மட்டமான கட்டுரை ஒன்றும் இதழ் தவறாமல் வரும்.

முதல் இதழிலிருந்து தொடங்குவது

வேண்டாம். நடுவில் ஏதோ ஓர் இதழை எடுங்கள். அதன் முதல் பக்கத்தில் போன இதழுக்கான பிழைதிருத்தம் இருக்கட்டும்.