அசோலா முதல் ஆரைக்கீரை வரை: நீர்ப்பெரணிகளின் பெயரில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

உரக்கடைகளின் விலைப்பட்டியலில் அசோஸ்பைரில்லம், அசோட்டோபாக்டர், அசோலா என்று மூன்று பெயர்களும் அடுத்தடுத்து இருக்கும். முதல் இரண்டும் பாக்டீரியாக்கள். அசோலா தண்ணீரில் மிதக்கும் ஒரு சின்னப் பெரணி, அதாவது பூக்காத செடிவகை (ஆங்கிலத்தில் ஃபெர்ன்). மூன்றும் பயிருக்குத் தழைச்சத்து, அதாவது நைட்ரஜன், கொடுப்பவை. அதனால் மூன்றிலும் வரும் ‘அசோ’ நைட்ரஜனைத்தான் குறிக்கிறது என்று நினைப்பது இயல்பு. முதல் இரண்டுக்கும் அது சரி. அசோலாவுக்குத் தவறு.

ஆண்டுகளைப் பார்த்தாலே விஷயம் தெளிவாகிவிடும். நைட்ரஜனுக்கு ‘அசோட்’ என்ற பிரெஞ்சுப் பெயரை வேதியியலாளர் லவாய்சியரும் அவருடைய கூட்டாளிகளும் வெளியிட்டது 1787-ல். அசோலா என்ற பேரினப் பெயரை (நெருங்கிய சிற்றினங்கள் சேர்ந்த தொகுதி பேரினம்) பிரெஞ்சு இயற்கை ஆய்வாளர் லமார்க் அச்சேற்றியது 1783-ல். நைட்ரஜனுக்கு அந்தப் பெயர் வருவதற்கு நான்கு ஆண்டுகள் முன்பே இந்தப் பெரணிக்குப் பெயர் வைத்தாகிவிட்டது. கிரேக்க மொழியில் உலர்தலைக் குறிக்கும் ‘அசோ’, அழித்தலைக் குறிக்கும் ‘ஒல்லியோ’ என்ற இரண்டு சொற்களைச் சேர்த்த பெயர் என்பதே பொதுவாக ஏற்கப்பட்ட விளக்கம். காய்ந்தால் செத்துவிடும் செடி என்று பொருள்.

அசோலாவைத் தொட்டியில் வளர்த்து மாட்டுக்குத் தீவனமாகக் கொடுப்பவர்களுக்கு இந்தப் பொருள் நேரடியாக உதவும். பச்சை அசோலாவின் எடையில் 90 சதவீதத்துக்கு மேல் தண்ணீர்தான். தாய் வித்தை, அதாவது வளர்க்கத் தொடங்க வாங்கும் அசோலாவை, ஈரமில்லாத பையில் கட்டி, வெயிலில் வண்டியில் வைத்துக் கொண்டுவந்தால் தொட்டிக்கு வந்து சேரும்போதே பாதி போயிருக்கும். கத்திரி வெயிலில் நிழல்வலை இல்லாத தொட்டியிலும் இதே கதைதான். 35 டிகிரிக்கு மேல் வெப்பம் போனாலே அதன் வளர்ச்சி தடுமாறும். ‘25 சதவீதம் புரதம்’ என்ற விளம்பர வரியையும் இதை மனதில் வைத்தே படிக்க வேண்டும். அது உலர் எடைக்கான கணக்கு. ஒரு கிலோ பச்சை அசோலாவில் உலர் பொருள் ஐம்பது, அறுபது கிராம்தான் தேறும். அதில் கால் பங்கு என்றால் 12 முதல் 15 கிராம் புரதம். நல்ல துணைத்தீவனம், சந்தேகமில்லை. ஆனால் அதை நம்பிப் புண்ணாக்கை அடியோடு நிறுத்தினால் பால் குறையும்.

பெயரை நைட்ரஜனோடு முடிச்சுப் போடுவதால் இன்னொரு தவறும் நடக்கிறது. தழைச்சத்துச் செடி என்பதால் தொட்டியில் யூரியா போட்டால் இன்னும் வேகமாக வளரும் என்று சிலர் போடுகிறார்கள். அசோலாவின் மேல் இலை மடலுக்குள் ஒரு சின்னக் குழி உண்டு. அந்தக் குழிக்குள் அனபீனா என்ற நீலப்பச்சைப்பாசி குடியிருக்கிறது. காற்றிலுள்ள நைட்ரஜனைப் பிடிப்பது அதுதான். யூரியா போட்டால் தண்ணீரில் வேறு பாசிகள் மண்டி அசோலாவோடு போட்டி போடும், உள்ளே இருக்கும் அனபீனாவும் தன் வேலையைக் குறைத்துக்கொள்ளும். தொட்டிக்கு வேண்டியது மணிச்சத்து, அதாவது பாஸ்பரஸ். சாணக் கரைசலோடு சிறிதளவு சூப்பர் பாஸ்பேட் போடச் சொல்வது அதற்காகத்தான்.

அனபீனாவைச் சொன்னதும் ‘அசோலா பாசி’ என்ற வழக்கைப் பற்றிப் பேசாமல் நகர முடியாது. அசோலா பாசி இல்லை. வேர், தண்டு, இலை எல்லாம் உள்ள பெரணி. இலங்கைத் தமிழில் சொன்னால் பன்னம். பாசி அதன் இலைக்குள் குடியிருக்கும் விருந்தாளி மட்டுமே. அந்தப் பாசியையும் இன்றைய அறிவியல் பாக்டீரியா வகையில்தான் சேர்க்கிறது. நீலப்பச்சைப்பாசியும் அசோலாவும் உயிர் உரப் பட்டியல்களில் எப்போதும் ஜோடியாக வருவதால் இந்தக் குழப்பம் வேரூன்றிவிட்டது என்று நினைக்கிறேன்.

ஒன்றை உள்ளங்கையில் எடுத்துப் பாருங்கள். கிளைவிட்டுக் கிளைவிட்டு முக்கோண வடிவில் பரவியிருக்கும். ஓட்டுக்கூரையில் ஓடு வேய்ந்ததுபோலச் சின்னச் சின்ன இலைகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறியிருக்கும். அடியில் மயிர் போன்ற வேர்கள் தொங்கும். இதையே வாத்துப்பாசி என்று சொல்லப்படும் லெம்னாவோடு வைத்துப் பார்த்தால் வேறுபாடு பளிச்சென்று தெரியும். லெம்னா வழுவழுப்பான ஒற்றைத் தட்டு, அடியில் ஒரே ஒரு வேர். அது பூக்கும் தாவர வகையைச் சேர்ந்தது. பெரணியில் பூவே கிடையாது. அசோலா செம்மண் நிறத்துக்கு மாறினால் வேறு ரகம் கலந்துவிட்டது என்றோ நோய் வந்துவிட்டது என்றோ பதற வேண்டாம். கடும் வெயில், குளிர், மணிச்சத்துக் குறைவு ஆகியவை அந்தச் சிவப்பு நிறமியைக் கொண்டுவரும்.

இனி சால்வினியா. இதுவும் தண்ணீரில் மிதக்கும் பெரணிதான். பெயர்த் தவறு எவ்வளவு செலவு வைக்கும் என்பதற்கு இதைவிடப் பெரிய உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

பெயரின் பொருளில் தண்ணீரும் இல்லை, இலையும் இல்லை. ஃபுளோரன்ஸில் கிரேக்க மொழிப் பேராசிரியராக இருந்த அந்தோனியோ மரியா சால்வினியின் (1653–1729) நினைவாக வைத்த பெயர் அது. அவர் இந்தச் செடியைக் கண்டுபிடித்தவர் என்று எழுதுவதும் தவறு. பெயர் வைத்தவர் தாவரவியலாளர் மிக்கேலி.

இந்தப் பேரினத்தில் ஒரு சிற்றினம் தென்கிழக்கு பிரேசிலிலிருந்து கிளம்பி உலகின் வெப்பநாட்டு நீர்நிலைகளில் எல்லாம் புகுந்தது. இலங்கைக்கு 1939-ல் கொழும்புப் பல்கலைக்கழகக் கல்லூரியின் தாவரவியல் துறை வழியாக வந்து, அங்கிருந்து வயல்களுக்கும் வாய்க்கால்களுக்கும் பரவியது. ஆப்பிரிக்காவில் சாம்பேசி ஆற்றின் குறுக்கே கரிபா அணை கட்டி முடித்ததும், 1959 முதல் அந்த நீர்த்தேக்கத்தில் மண்டத் தொடங்கி, 1962-க்குள் ஏறத்தாழ 1,000 சதுர கிலோமீட்டரை மூடியது. கேரளத்தில் குட்டநாட்டு வயல்களை அடைத்தது. மலையாளத்தில் அதற்கு ‘ஆப்பிரிக்கன் பாயல்’ என்று பெயர். அந்தப் பெயரின் இரண்டு பாதிகளும் தவறு. செடி ஆப்பிரிக்காவைச் சேர்ந்ததும் இல்லை, பாசியும் இல்லை.

ஊர்ப்பெயர் தவறாக இருந்ததால் பெரிய நட்டம் எதுவும் வரவில்லை. தாவரவியல் பெயர் தவறியதுதான் வினையாகிவிட்டது. அந்தக் காலத்தில் இந்தச் செடியை சால்வினியா ஆரிகுலேட்டா என்ற சிற்றினமாகவே எண்ணியிருந்தார்கள். களையைத் தின்னும் பூச்சியை அதன் தாயகத்திலிருந்து கொண்டுவந்து விடுவது உயிரியல் கட்டுப்பாட்டின் அடிப்படை வழி. எனவே 1960களில் டிரினிடாட், கயானா பக்கம் போய் ஆரிகுலேட்டாவைத் தின்னும் பூச்சிகளைத் தேடிப் பிடித்தார்கள். ஒரு கூன்வண்டு, ஒரு அந்துப்பூச்சி, ஒரு வெட்டுக்கிளி கிடைத்தன. ஆப்பிரிக்காவில் விட்டார்கள். வெட்டுக்கிளியை 1970களில் கேரளத்திலும் விட்டார்கள். களை அசையவில்லை.

கரிபாவில் இந்தச் செடியை ஆராய்ந்த டேவிட் மிட்செல் 1972-ல் இது ஆரிகுலேட்டா இல்லை, தனிச் சிற்றினம் என்று காட்டி சால்வினியா மொலெஸ்டா என்று பெயரிட்டார். ‘மொலெஸ்டா’ லத்தீனில் தொல்லை தருவது. வேறு சிற்றினம் என்று தெரிந்த பிறகுதான் அதன் உண்மையான ஊர் எது என்ற கேள்வி வந்தது. 1978-ல் ஆஸ்திரேலிய ஆய்வாளர்கள் தென்கிழக்கு பிரேசிலில் அதைக் கண்டுபிடித்தார்கள். அங்கே அதைத் தின்றுகொண்டிருந்த கூன்வண்டைக் கொண்டுவந்து, 1980-ல் குயின்ஸ்லாந்தின் மூண்டாரா ஏரியில் விட்டார்கள். ஓராண்டும் சில மாதங்களும் போவதற்குள் அந்த ஏரியின் களை ஒழிந்தது.

வண்டின் பெயரிலும் அதே கூத்து நடந்தது. டிரினிடாடில் பிடித்த அதே சர்ட்டோபேகஸ் சிங்குலாரிஸ்தான் இது என்றே முதலில் எண்ணினார்கள். உற்றுப் பார்த்தபோது வேறு சிற்றினம் என்று தெரிந்தது. 1985-ல் சர்ட்டோபேகஸ் சால்வினியே என்று புதுப்பெயர் பெற்றது. பாப்புவா நியூ கினியின் செபிக் ஆறு, கேரளம், இலங்கை என்று பிறகு பல நாடுகளில் களையை அடக்கியது இந்த வண்டுதான். ஒரு சிற்றினப் பெயரைத் தவறாக ஒட்டியதால் தேடல் தவறான நாட்டுக்குப் போனது. தவறான பூச்சி வந்தது. சுமார் இருபது ஆண்டுகள் வீணாயின. அவ்வளவு காலமும் மீனவர்களின் படகுகள் களைக்குள் சிக்கிக் கிடந்தன. வகைப்பாட்டியல் வறட்டுப் பாடம் என்று சொல்லும் மாணவர்களுக்கு இந்தக் கதையைக் கட்டாயம் சொல்லித்தர வேண்டும்.

சால்வினியாவை அசோலா என்று நினைத்துத் தொட்டியில் விடுபவர்களுக்கும் ஒரு எச்சரிக்கை. மொலெஸ்டா மலட்டுக் கலப்பினம். பெரணிகளுக்கு விதைபோல உதவும் நுண்துகளான ஸ்போர் மூலம் அது பெருகுவதில்லை, அதற்கு அவசியமும் இல்லை. முறிந்த ஒரு துண்டு போதும். அடையாளம் எளிது. ஒவ்வொரு கணுவிலும் இரண்டு இலைகள் எதிரெதிராக மிதக்கும். மூன்றாவது இலை தண்ணீருக்குள் இழை இழையாகப் பிரிந்து வேர்போலத் தொங்கும். உண்மையான வேர் அதற்கு இல்லை. மேல்பக்கம் மயிர்கள் அடர்ந்திருக்கும். தண்ணீர் தெளித்தால் ஒட்டாமல் உருளும். தொட்டி நீரை வாய்க்காலில் திறந்துவிடும் முன் இதைப் பார்த்துவிடுவது நல்லது.

மூன்றாவது, நம் வயல் வரப்பில் நமக்கு நன்றாகத் தெரிந்த ஆரைக்கீரை. தாவரவியலில் மார்சிலியா. இத்தாலிய இயற்கை ஆய்வாளர் லூயிஜி ஃபெர்டினாண்டோ மார்சிலியின் (1658–1730) பெயரால் வந்தது. தமிழில் எழுதப்படும் பல குறிப்புகள் ஆரைக்கீரைக்கு நேராக ‘மார்சிலியா குவாட்ரிஃபோலியா’ என்று போடுகின்றன. குவாட்ரிஃபோலியா என்றால் நாலிலை. ஆரையும் நாலிலை. ஆகவே பொருத்தம் சரி என்று தோன்றிவிடுகிறது. ஆனால் மார்சிலியாவின் எல்லாச் சிற்றினங்களுக்கும் நான்கு சிற்றிலைகள்தான். சிற்றினப் பெயரின் பொருளை வைத்துச் செடியை அடையாளம் காணக் கூடாது என்பதற்கு இதுவே சாட்சி. தென்னிந்திய வயல்களில் பரவலாக இருப்பது மார்சிலியா மைனூட்டா. ‘மைனூட்டா’ என்றால் மிகச் சிறியது. அதையும் நம்பக் கூடாது. தண்ணீர் நின்றால் காம்பு நீண்டு இலை விரிந்து மிதக்கும். சேறு காய்ந்த இடத்தில் அதே செடி குட்டையாக நிற்கும். குவாட்ரிஃபோலியாவையும் மைனூட்டாவையும் பிரிக்க, அவரை விதைபோல இருக்கும் கெட்டியான ஸ்போரோகார்ப் (ஸ்போர்கள் அடங்கிய உறை) இலைக்காம்பில் எங்கே ஒட்டியிருக்கிறது என்பதைப் பார்க்க வேண்டும்.

இதைவிட ஆபத்தான குழப்பம் புளியாரையோடு வருவது. பெயரில் ஆரை இருந்தாலும் அது ஆக்சாலிஸ் கார்னிகுலேட்டா. மூன்று இதய வடிவச் சிற்றிலை, மஞ்சள் பூ, வாயில் வைத்தால் புளிப்பு. பூவைக் கண்டால் அது ஆரை இல்லை. பூ இல்லாத பருவத்தில் இளந்தளிரைப் பாருங்கள். ஆரையின் தளிர் வாட்ச் ஸ்பிரிங்போலச் சுருண்டு வெளியே வரும். பெரும்பாலான பெரணிகளில் காணும் அடையாளம் இது. சித்த மருந்துக்குக் கீரை பறிப்பவர்கள் பட்டியலில் உள்ள பெயரை மட்டும் நம்பாமல் இந்தச் சுருளைப் பார்த்துப் பறிக்க வேண்டும்.

பேரினம் ஒன்று என்பதால் பயன்பாடும் ஒன்று என்று எண்ணுவது அடுத்த தவறு. ஆஸ்திரேலியாவில் நார்டூ என்று அழைக்கப்படும் மார்சிலியா டிரம்மண்டியின் ஸ்போரோகார்ப்பை அரைத்து உண்பது அங்குள்ள பழங்குடி மக்களின் வழக்கம். 1861-ல் கூப்பர் கிரீக்கில் சிக்கிக்கொண்ட பர்க், வில்ஸ் என்ற ஆய்வுப் பயணிகளும் அதையே உண்டார்கள். இருவரும் மெலிந்து இறந்தார்கள். நார்டூவில் வைட்டமின் பி1-ஐ அழிக்கும் நொதி உண்டு. அந்த மக்களின் பக்குவ முறையைப் பின்பற்றாமல் உண்டது பர்க், வில்ஸ் இருவரின் நலிவுக்கும் ஒரு காரணம் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். ஒரு நாட்டில் ஒரு மார்சிலியாவுக்குச் சொன்ன பக்குவத்தையோ மருத்துவக் குணத்தையோ இன்னொன்றுக்கு அப்படியே ஒட்டி எழுதக் கூடாது.

மீன்தொட்டி வைத்திருப்பவர்கள் நீர்ப்பெரணி என்றால் எல்லாம் ஒரே குடும்பம் என்று எண்ணுவதும் உண்டு. அசோலாவும் சால்வினியாவும் இப்போது சால்வினியேசி என்ற ஒரே குடும்பத்தில் இருக்கின்றன. பழைய நூல்களில் அசோலாவுக்குத் தனிக் குடும்பம். மார்சிலியா வேறு குடும்பம், ஆனால் அதே வரிசை (பல குடும்பங்கள் சேர்ந்த பெரிய தொகுதி). கடைகளில் விற்கும் செரடாப்டெரிஸ் என்ற பெரணி தண்ணீரில் வளர்ந்தாலும் இந்த வரிசையிலேயே சேராது.

தமிழில் எழுதும்போது கவனிக்க வேண்டியவை சில. நம் எழுத்தில் பெரிய எழுத்து, சிறிய எழுத்து என்ற வேறுபாடு கிடையாது. ஆகவே பேரினம் எது, சிற்றினம் எது என்பது வாசகருக்குத் தானாகத் தெரியாது. முதல்முறை முழுப்பெயரையும் எழுதிவிட வேண்டும். ‘அசோலா பின்னேட்டா’ என்பதை ‘அ. பின்னேட்டா’ என்று சுருக்குவது அதற்குப் பிறகுதான். பெயருக்குப் பின் ‘லின்.’, ‘லாம்.’ என்று வருவது பெயரின் பகுதி இல்லை, பெயரிட்ட லின்னேயஸ், லமார்க் ஆகியோரைக் குறிக்கும் சுருக்கம். பழைய நூல்களில் மார்சிலியாவின் லத்தீன் எழுத்துகளில் கடைசிக்கு முந்தையது ‘ஐ’ (Marsilia) என்று அச்சாகியிருக்கும். லின்னேயஸ் 1753-ல் எழுதியது ‘ஈ’ (Marsilea). தமிழில் இரண்டும் ஒன்றுபோல ஒலிக்கும். இணையத்தில் தேடும்போது மட்டும் இரண்டையும் போட்டுப் பாருங்கள்.

‘அசோலா’ என்று மட்டும் சொன்னால் அது பேரினம். நம் நாட்டில் இயல்பாக வளர்வது அசோலா பின்னேட்டா. ஃபிலிகுலாய்டிஸ், மைக்ரோஃபில்லா போன்றவை அமெரிக்கக் கண்டங்களிலிருந்து வந்தவை. இவற்றைக் கண்ணால் பார்த்துப் பிரிப்பது கடினம், ஸ்போர்களை நுண்ணோக்கியில் பார்க்க வேண்டும். எனவே விற்பவர் சொன்ன சிற்றினப் பெயரை அப்படியே ஆய்வுக் கட்டுரையிலோ திட்ட அறிக்கையிலோ எழுதாதீர்கள். வித்து எந்த நிலையத்திலிருந்து, எந்த ஆண்டு வாங்கியது என்று குறித்து, ‘அசோலா, சிற்றினம் உறுதி செய்யப்படவில்லை’ என்று எழுதினால் போதும். பின்னால் வருபவர் அந்தக் குறிப்பை வைத்துச் சரிபார்த்துக்கொள்வார்.