வலி எடுத்தப்புறம் வயித்துப்புள்ள அசையுதான்னு பாக்குறது எப்படி

வலி எடுத்துட்டா புள்ள அடங்கிரும், இறங்கப் போகுதுன்னு நம்ம பக்கம் பெரியாளுக சொல்லுவாங்க, அத மட்டும் நம்பாதீங்க தாயி. உள்ள இடம் பத்தாம உதைக்கிறது போயி உருள்றது நெளியிறதுன்னு மாறலாம், ஆனா அசைவு நிக்கக்கூடாது.

வலி வர்றப்ப வயிறே கல்லா இறுகிரும், அப்ப ஒண்ணும் புடிபடாது, பயப்பட வேணாம். வலி விட்டு வயிறு தளர்ற நேரம்தான் பாக்கணும். ஒண்ணுக்குப் போயிட்டு வந்து இடது பக்கமா ஒருக்களிச்சு படுத்து, செல்போன ஓரமா வச்சுட்டு, ஒரு கைய தொப்புளுக்கு கீழயும் இன்னொண்ண விலாவுக்கு கீழயும் வச்சு கவனிங்க. வயிறு முழுசும் இறுகுனா அது வலி, ஒரு பக்கமா மட்டும் பொடச்சு நகந்துச்சுன்னா அது புள்ள. ஒரே தாளத்துல டொக்கு டொக்குன்னு வந்தா விக்கல், அத கணக்குல சேக்காதீங்க.

புள்ளையும் தூங்கும், பொதுவா 20லருந்து 40 நிமிஷம், 90ஐ தாண்டுறது அபூர்வம். 2 மணி நேரத்துல 10 அசைவுன்னு ஒரு கணக்கு சொல்வாங்க, ஆனா உங்க புள்ளயோட வழக்கம் உங்களுக்குத்தான் தெரியும், அது மாறிருச்சுன்னு பட்டா 2 மணி நேரம் முடியட்டும்னு படுத்திருக்காம ஆஸ்பத்திரிக்கு கிளம்பிருங்க. கருப்பட்டி காப்பி குடிச்சா ஆடும்பாங்க, குடிங்க, அதுக்காக காத்திருக்காதீங்க.

நம்ம கடக்கரையில தூரம்தான் பிரச்சன, ராமேஸ்வரத்துலருந்து பாம்பன் பாலம் தாண்டி ராம்நாடு ஜிஹெச் போக 50 கிலோமீட்டருக்கு மேல ஆகும், வீட்டு ஆம்பள கடலுக்குப் போயிருந்தா கரை திரும்பட்டும்னு இருக்காம 108க்கு அடிச்சு மாமியாரையோ மதினியையோ கூட்டிக்கிட்டு கிளம்பிருங்க. பனிக்குடம் உடைஞ்சு தண்ணி பச்சையாவோ பழுப்பாவோ வந்தா, இல்ல ரத்தம் போனா, புள்ள நல்லா அசைஞ்சாலும் கிளம்பணும். வீட்டுல டாப்ளர் (புள்ள துடிப்ப கேக்குற சின்ன மெஷின்) வச்சு துடிப்பு கேட்டுருச்சேன்னும் இருந்துராதீங்க, துடிப்பு மாறுறதுக்கு முன்னாடியே அசைவு குறையலாம்.

லேபர் வார்டுல சேந்தப்புறமும் கவனிங்க. வலி நல்லா புடிச்சப்புறம் 15லருந்து 30 நிமிஷத்துக்கு ஒருக்கா சிஸ்டருங்க புள்ளயோட துடிப்ப பாக்கணும், பொதுவா நிமிஷத்துக்கு 110லருந்து 160க்குள்ள இருக்கும். நடுவுல அசைவு தெரியலன்னா "சிஸ்டர், ரொம்ப நேரமா புள்ள அசையல, துடிப்பு பாருங்க"ன்னு வாய்விட்டு சொல்லுங்க. வலி குறைய ஊசி போட்டதால புள்ள மந்தமா இருக்கலாம், ஆனா அத அவங்க பாத்து சொல்லட்டும், நீங்களா முடிவு பண்ணாதீங்க. ஒருக்கா பாத்து நல்லாருக்குன்னு சொல்லிட்டுப் போனப்புறம் மறுபடி குறைஞ்சாலும் கூச்சப்படாம கூப்புடுங்க.