விண்வெளி ஆவணப்படத்துக்காகப் பேசும் அறிவியலாளர் கவனிக்க வேண்டியவை

விண்வெளி பற்றிய தொலைக்காட்சி ஆவணப்படத்துக்காக ஓர் அறிவியலாளர் இரண்டு மணி நேரம் பேசினாலும், படத்தில் எஞ்சுபவை சில வாக்கியங்களே. அவை எவை என்பதைத் தீர்மானிப்பவர் படத்தொகுப்பாளர். ஆகவே, எந்த வாக்கியத்தைத் தனியே வெட்டி எடுத்தாலும் அது முழுமையாகவும் உண்மையாகவும் நிற்கும்படி பேசப் பழகுவதே முதன்மையான தயாரிப்பு.

கேள்வி கேட்பவரின் குரல் பெரும்பாலும் படத்தில் இடம்பெறாது. வாயேஜர் 1 விண்கலம் சூரியக் குடும்பத்தைவிட்டு வெளியேறிவிட்டதா என்று கேட்டால், "ஆமாம், 2012-இல்" என்ற விடை பயன்படாது, துல்லியமானதும் அன்று. "சூரியனின் ஈர்ப்புக்கு உட்பட்ட பனிப்பொருள்களின் கூட்டமான ஊர்ட் மேகம் இன்னும் வெகு தொலைவில் இருந்தாலும், 1977-இல் ஏவப்பட்ட வாயேஜர் 1, 2012 ஆகஸ்டில் சூரியக் காற்றின் எல்லையைக் கடந்துவிட்டது" என்று சொல்லிப் பாருங்கள். வரம்பு முன்னால் வருவதைக் கவனியுங்கள். "ஆனால்" என்று பின்னால் சேர்க்கும் எச்சரிக்கைதான் கத்தரிக்கு முதலில் இரையாகிறது. இதை நான் மிகவும் வலியுறுத்துவேன்.

படம் பல ஆண்டுகள் ஒளிபரப்பாகும் என்பதால், "சென்ற ஆண்டு", "அண்மையில்" போன்ற சொற்களைத் தவிர்த்து ஆண்டைச் சொல்லுங்கள். 2023-இல் சனிக்கு 145 நிலவுகள் என்று சொன்னது சரியே. 2025-இல் அந்த எண்ணிக்கை 274 ஆயிற்று.

தொலைவை எண்ணால் மட்டும் சொன்னால் பார்வையாளர் மனத்தில் தங்காது. நிலவின் சராசரித் தொலைவான 3,84,400 கிலோமீட்டர், ஏறத்தாழ 30 பூமிகளை வரிசையாக அடுக்கிய நீளம். ஒரு கூடைப்பந்தைப் பூமியாக மேசைமேல் வைத்துவிட்டு, நிலவாக ஒரு டென்னிஸ் பந்தை எடுத்துக்கொண்டு ஏழு மீட்டர் நடந்து காட்டுங்கள். பெரும்பாலானோர் அந்தப் பந்தை ஒரு முழத் தொலைவில்தான் கற்பனை செய்திருப்பார்கள்.

நெருக்கமான கோடுகள் கொண்ட சட்டை திரையில் அலையாடும், வேண்டாம். வேறு விதமாகச் சொல்லாதவரை, கேமராவைப் பார்க்காமல் கேள்வி கேட்பவரைப் பார்த்துப் பேசுங்கள். உங்கள் குரலின்மேல் எந்த வரைகலைக் காட்சி ஓடும் என்பதையும் கேட்டு வையுங்கள், ஏனெனில் சொல் சரியாக இருந்தும் படம் தவறாக இருந்தால் பிழை உங்கள் பெயரில்தான் நிற்கும்.

பேச்சு முடிந்ததும் அறையின் ஒலியை மட்டும் பதிவு செய்ய, அரை நிமிடம் அனைவரும் அசையாமல் இருக்கச் சொல்வார்கள். அந்த அமைதியில் நீங்கள் சொன்னவற்றை மனத்துக்குள் ஓட்டிப் பாருங்கள். ஏதேனும் எண் தவறியிருந்தால், மைக்கைக் கழற்றுவதற்கு முன்பே அந்த வாக்கியத்தை முழுவதுமாக மறுபடி சொல்லிவிடுங்கள்.